ஹைட்ரஜனும் வினையூக்கியும் கொண்டு பெட்ரோலிய எண்ணெயின் மெழுகை நீக்குதல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மசகு எண்ணெய்க்கான அடிப்படை எண்ணெயையும் குளிர்நாடுகளுக்கான டீசலையும் தயாரிக்கும் சுத்திகரிப்பு ஆலைகளில், மெழுகை நீக்கும் வேலையை இன்று பெருமளவில் ஹைட்ரஜன் அழுத்தத்தில் இயங்கும் வினையூக்கிப் படுகைகளே செய்கின்றன. வேதியியல் மாணவர்களும், ஆலைப் பணிக்குப் புதிதாக வருபவர்களும், எண்ணெய் வாங்கி விற்பவர்களும் இதைப் பற்றித் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே விடை தரப்படுகிறது.

எண்ணெயில் மெழுகு என்று எதைச் சொல்கிறார்கள்?

கச்சா எண்ணெயை வெற்றிடத்தில் காய்ச்சி வடிக்கும்போது கிடைக்கும் கனமான பகுதிகளில் பலவகை ஹைட்ரோகார்பன்கள் கலந்திருக்கின்றன. அவற்றுள் கிளையே இல்லாத, அல்லது ஓரிரு கிளைகள் மட்டுமே உள்ள, நீண்ட பாரஃபின் சங்கிலிகள்தாம் குளிரில் முதலில் படிகமாகின்றன. இருபது கார்பன் கொண்ட நேர்ச்சங்கிலியான ஐகோசேன் சுமார் 37 டிகிரி செல்சியஸில் உருகும். முப்பது கார்பன் கொண்ட ட்ரையகான்டேன் சுமார் 66 டிகிரியில்தான் உருகும். கட்டிவைத்த ஈர்க்குச்சிகளைப் போல நேரான சங்கிலிகள் ஒன்றையொன்று ஒட்டி, இடைவெளி விடாமல் அடுக்கிக்கொள்வதே இதற்குக் காரணம்.

அதே முப்பது கார்பனும் அதே அறுபத்திரண்டு ஹைட்ரஜனும் கொண்ட ஸ்குவாலேன் என்ற சேர்மத்தை எடுத்துக்கொள்வோம். அதன் முதுகெலும்பில் ஆறு மீத்தைல் கிளைகள் நீட்டிக்கொண்டிருப்பதால் மூலக்கூறுகள் ஒழுங்காக அடுக்க முடிவதில்லை; சுழியத்துக்குக் கீழே சுமார் 38 டிகிரி வரை அது திரவமாகவே இருக்கிறது. வாய்பாட்டில் ஓர் அணுகூட மாறவில்லை, உருகுநிலையிலோ நூறு டிகிரிக்கு மேல் வேறுபாடு. பின்வரும் விடைகளில் பெரும்பாலானவை இந்த ஓர் உண்மையிலிருந்தே பிறக்கின்றன.

மெழுகு எண்ணெயில் இருந்தால் என்ன கெடுதல்?

வெப்பநிலை இறங்கும்போது மெழுகு மெல்லிய தட்டுகளாகப் படிந்து, ஒன்றோடொன்று பின்னிக்கொண்டு, நடுவே திரவ எண்ணெயைச் சிறைப்படுத்திவிடுகிறது. எண்ணெயில் நூற்றுக்கு இரண்டு பங்கு அளவுக்கே மெழுகு படிகமாகியிருந்தாலும் முழு எண்ணெயும் களிபோல இறுகிவிடக்கூடும். இயந்திரத்தை முடுக்கியதும் மேலேற வேண்டிய மசகு எண்ணெய் கீழ்த்தொட்டியிலேயே நின்றுவிட்டால், உலோகம் உலோகத்தோடு உரசும். டீசலில் ஆபத்து அதற்கும் முன்பே தொடங்குகிறது: எண்ணெய் ஓடிக்கொண்டிருக்கும்போதே படிகங்கள் எரிபொருள் வடிகட்டியை அடைத்துவிடும்.

மெழுகு எவ்வளவு நீங்கியிருக்கிறது என்பதை எப்படி அறிவது?

மூன்று அளவுகள் வழக்கில் உள்ளன. குளிரும் எண்ணெயில் முதல் படிகங்கள் தோன்றித் தெளிவு கெடும் வெப்பநிலையைக் கலங்கல் வெப்பநிலை என்போம். எண்ணெய் ஓடும் தன்மையை இழப்பதற்குச் சற்று முன்னுள்ள வெப்பநிலை பாய்வு வெப்பநிலை. மூன்றாவது, டீசலுக்கான குளிர் வடிகட்டி அடைப்பு வெப்பநிலை. 20 மில்லிலிட்டர் டீசலை 45 மைக்ரோமீட்டர் கண்ணளவுள்ள கம்பி வலை வழியாக மெல்லிய உறிஞ்சலில் இழுக்கும்போது, 60 விநாடிக்குள் அது மேலேற மறுக்கும் வெப்பநிலை அது.

பாய்வு வெப்பநிலையை அளக்க, ஏ.எஸ்.டி.எம். என்ற தரநிர்ணய அமைப்பு வகுத்த டி 97 சோதனையை ஒருமுறை அருகில் நின்று பார்ப்பது நல்லது. தட்டையான அடியுள்ள கண்ணாடிச் சாடியில் எண்ணெயை ஊற்றி, வெப்பமானி செருகிய தக்கையால் மூடிக் குளிர்விக்கிறார்கள். வெப்பநிலை 3 டிகிரி இறங்கும்தோறும் சாடியை எடுத்துச் சாய்த்து, எண்ணெயின் மேற்பரப்பு நகர்கிறதா என்று பார்க்கிறார்கள். சாடியை முழுவதும் படுக்கவைத்து 5 விநாடி பிடித்தும் எண்ணெய் அசையாவிட்டால், அந்த அளவோடு 3 டிகிரியைக் கூட்டி எழுதுகிறார்கள். பாய்வு வெப்பநிலைகள் மூன்றின் மடங்குகளாகவே அறிவிக்கப்படுவது இதனால்தான். ஆகவே மைனஸ் 15 என்ற எண்ணுக்கும் மைனஸ் 18 என்ற எண்ணுக்கும் இடையே ஒரே ஒரு படிதான் இருக்கிறது. அந்த வேறுபாட்டை வைத்து இரண்டு எண்ணெய்களின் தரத்தைப் பற்றிப் பெரிய முடிவுகளுக்கு வருவது சரியன்று.

வினையூக்கிக்கு முன்பு மெழுகை எப்படி நீக்கினார்கள்?

கரைப்பானைக் கொண்டு நீக்கினார்கள். பல ஆலைகளில் இன்றும் நீக்குகிறார்கள். மெத்தில் எத்தில் கீட்டோனும் டொலுவீனும் கலந்த கரைப்பானை எண்ணெயோடு சேர்த்துக் குளிர்வித்தால், எண்ணெய் கரைப்பானில் தங்கிவிடும், மெழுகு படிகமாகப் பிரியும். சுழலும் உருளை வடிகட்டியின் துணியில் மெழுகு பாளமாகப் படிய, அதைச் சுரண்டி எடுப்பார்கள். பிறகு எண்ணெயிலிருந்தும் மெழுகிலிருந்தும் கரைப்பானை ஆவியாக்கி மீட்க வேண்டும். குளிர்விக்கவும் பின்னர் சூடாக்கவும் ஆற்றல் தேவைப்படுவதோடு, தீப்பற்றக்கூடிய கரைப்பான் பெரும் அளவில் சுற்றிக்கொண்டே இருக்கிறது. பாய்வு வெப்பநிலையை மைனஸ் 15 டிகிரிக்கு வெகுவாகக் கீழே கொண்டுபோக விரும்பினால் குளிர்விக்கும் செலவு விரைவாக ஏறும்.

வினையூக்கி மெழுகை எங்கே கொண்டுபோகிறது?

இது மிகுதியாகக் கேட்கப்படும் கேள்வி. விடை வினையூக்கியின் வகையைப் பொறுத்தது. முதல் வகை வினையூக்கி மெழுகுச் சங்கிலியைத் துண்டாக்குகிறது. நீண்ட சங்கிலி உடைந்து புரோப்பேன், பியூட்டேன், நாப்தா போன்ற இலேசான பொருள்களாகிறது; அவை காய்ச்சி வடிக்கும்போது எண்ணெயிலிருந்து தாமே பிரிந்துவிடும். இங்கே மெழுகு உண்மையிலேயே வெளியேறுகிறது, அதனோடு எண்ணெயின் அளவும் குறைகிறது.

இரண்டாம் வகை வினையூக்கி சங்கிலியை உடைப்பதில்லை. அதன் எலும்புக்கூட்டை மாற்றியமைத்து மீத்தைல் கிளைகளை உண்டாக்குகிறது. இதை மாற்றியமாக்கல் என்பர். நேற்றுவரை மெழுகாக இருந்த மூலக்கூறு, கார்பன் எண்ணிக்கை மாறாமல், குளிரிலும் ஓடும் எண்ணெயாகிவிடுகிறது. எதையும் வெளியே எடுக்க வேண்டியதில்லை. கிளை எங்கே முளைக்கிறது என்பதும் முக்கியம்: சங்கிலியின் முனைக்கருகே உள்ள கிளையைவிட நடுப்பகுதியில் உள்ள கிளை உருகுநிலையை அதிகமாகக் குறைக்கும். ஆனால் கிளைகள் மேலும் மேலும் பெருகினால் அந்த மூலக்கூறு எளிதில் உடையக்கூடியதாகிவிடும். எனவே தேவையான அளவுக்குக் கிளைக்கச் செய்து, உடைவதற்கு முன் வெளியே விட்டுவிடுவதே நல்ல வினையூக்கியின் திறம். நடைமுறையில் இரண்டு வினைகளும் ஓரளவு சேர்ந்தேதான் நடக்கின்றன; எது மேலோங்குகிறது என்பதில்தான் ஒரு வினையூக்கிக்கும் இன்னொன்றுக்கும் வேறுபாடு.

ஆயிரக்கணக்கான மூலக்கூறுகளுக்கு நடுவே மெழுகை மட்டும் வினையூக்கி எப்படித் தேர்ந்தெடுக்கிறது?

துளையின் அளவைக் கொண்டு தேர்ந்தெடுக்கிறது. இந்த வினையூக்கிகளின் அடிப்படை சியோலைட் எனப்படும் படிகம். சிலிக்கானும் அலுமினியமும் ஆக்சிஜனால் இணைக்கப்பட்ட அதன் சட்டகத்தில், மூலக்கூறின் அளவேயுள்ள நுண்துளைகள் சீராக அமைந்திருக்கின்றன. மெழுகு நீக்கத்துக்குப் பயன்படும் சியோலைட்டுகளில் பெரும்பாலானவற்றின் துளைவாயைப் பத்து ஆக்சிஜன் அணுக்கள் சூழ்ந்திருக்கும். இசட்.எஸ்.எம்.-5 என்பதில் துளையின் அகலம் சுமார் 5.5 ஆங்ஸ்ட்ராம் (ஓர் ஆங்ஸ்ட்ராம் என்பது ஒரு மில்லிமீட்டரில் கோடியில் ஒரு பங்கு), நேர்ச்சங்கிலியும் ஒற்றை மீத்தைல் கிளையுள்ள சங்கிலியும் அதனுள் நுழையும், பல கிளைகள் உள்ளவையும் வளைய அமைப்புள்ள பெரிய மூலக்கூறுகளும் வெளியே நின்றுவிடும்.

இசட்.எஸ்.எம்.-5இன் துளைகள் மூன்று திசைகளிலும் ஒன்றையொன்று வெட்டிச் செல்கின்றன. உள்ளே நுழைந்த சங்கிலி வெளியேறுவதற்குள், புரோட்டானைத் தரக்கூடிய அமில இடங்கள் பலவற்றைச் சந்திப்பதால் உடைந்தே வெளிவருகிறது. இதற்கு மாறாக இசட்.எஸ்.எம்.-22, இசட்.எஸ்.எம்.-23, இசட்.எஸ்.எம்.-48, சாப்போ-11 ஆகியவற்றின் துளைகள் ஒரே திசையில், குறுக்குச் சந்துகள் இல்லாமல் ஓடுகின்றன. இவற்றுள் இசட்.எஸ்.எம்.-22 போன்ற குறுகலான துளையுள்ளவற்றில், நீண்ட சங்கிலியின் முனை மட்டும் துளைவாய்க்குள் நுழைய, மீதி உடல் படிகத்தின் வெளிப்பரப்பில் கிடக்கும் நிலையிலேயே கிளை உண்டாகிறது என்பதை ஆய்வுகள் காட்டியுள்ளன. கிளைத்த பகுதி உள்ளே மேலும் நகர இடமில்லாததால் உடையும் வாய்ப்பும் குறைகிறது. வெறும் அமில வலிமையை மாற்றி இந்தத் தேர்வுத்திறனைப் பெற்றிருக்க முடியாது. துளையின் வடிவமே அதைத் தருகிறது.

பிளாட்டினம் எதற்கு? அமில இடங்கள் மட்டும் போதாதா?

போதாது. நிறைவுற்ற பாரஃபின் எளிதில் வினைபுரியாதது. அதை அமில இடம் நேரடியாகக் கையாள வேண்டுமானால் கடுமையான வெப்பம் தேவைப்படும். பிளாட்டினம் முதலில் அந்தச் சங்கிலியிலிருந்து இரண்டு ஹைட்ரஜன் அணுக்களைக் கழற்றி, அதை இரட்டைப் பிணைப்புள்ள ஒலிபினாக்குகிறது. அந்த ஒலிபின் பக்கத்திலுள்ள அமில இடத்துக்குச் சென்று ஒரு புரோட்டானை ஏற்று நேர்மின் அயனியாகிறது. அந்த அயனி, மூன்று கார்பன் வளையம் ஒன்று கணநேரம் தோன்றி மறையும் இடைநிலையின் வழியாக, தன் எலும்புக்கூட்டை மாற்றிக்கொள்கிறது. பிறகு புரோட்டானைத் திருப்பிக் கொடுத்து, பிளாட்டினத்திடம் மீண்டும் வந்து, கழற்றிய ஹைட்ரஜனைப் பெற்றுக்கொண்டு கிளைத்த பாரஃபினாக வெளியேறுகிறது.

உலோகமும் அமிலமும் எண்ணிக்கையிலும் தொலைவிலும் ஒன்றுக்கொன்று ஈடாக இருக்க வேண்டும். உலோகம் குறைவாகவோ தொலைவிலோ இருந்தால், ஒலிபின் அமில இடங்களிலேயே சுற்றித் திரிந்து, மேலும் மேலும் கிளைத்து, இறுதியில் உடையும். ஒன்றோடொன்று இணைந்து கரியாகவும் மாறும். ஆலையில் பிளாட்டினம் நஞ்சேறிவிட்டது என்பதை முதலில் காட்டிக்கொடுப்பது பாய்வு வெப்பநிலையன்று. இலேசான வாயுக்களின் விளைச்சல் திடீரென்று கூடுவதே பெரும்பாலும் முதல் அறிகுறி.

அப்படியானால் ஹைட்ரஜனின் பங்கு என்ன?

மாற்றியமாக்கலில் கழற்றிய ஹைட்ரஜன் திரும்பச் சேர்க்கப்படுவதால், அந்த வினை மட்டும் நடந்தால் ஹைட்ரஜன் செலவே இல்லை. சங்கிலி உடையும்போது ஒவ்வோர் உடைவுக்கும் ஒரு ஹைட்ரஜன் மூலக்கூறு செலவாகிறது. அப்படியிருந்தும் தேவைக்குப் பன்மடங்கு ஹைட்ரஜனை உயர் அழுத்தத்தில் சுற்றவிடுவதற்குக் காரணம், வினையூக்கியின் மேல் கரி படிவதைத் தடுப்பதுதான். ஒலிபின்கள் கூடிக் கரியாவதற்கு முன் அவற்றை நிறைவுறச் செய்யும் ஹைட்ரஜன் எப்போதும் அருகிலேயே இருக்க வேண்டும். வினையில் எழும் வெப்பத்தை ஏந்திச் செல்வதும் அதுவே. படுகைகளுக்கு இடையே குளிர்ந்த ஹைட்ரஜனைச் செலுத்தி வெப்பநிலையை மட்டுப்படுத்துகிறார்கள்.

இந்த முறை எப்போது வழக்குக்கு வந்தது?

1970களில் பிரிட்டிஷ் பெட்ரோலியம் நிறுவனம், பிளாட்டினம் ஏற்றிய மார்டனைட் என்ற சியோலைட்டைக் கொண்டு மெழுகு நீக்கும் முறையை உருவாக்கியது. மோபில் நிறுவனத்தின் இசட்.எஸ்.எம்.-5க்கு அமெரிக்கக் காப்புரிமை 1972இல் கிடைத்தது. மசகு எண்ணெய்க்கான அதன் மெழுகு நீக்க முறை 1981இல் ஆஸ்திரேலியாவின் அடிலெய்டு ஆலையில் செயல்படத் தொடங்கியது. இவையெல்லாம் சங்கிலியை உடைக்கும் வகை. மாற்றியமாக்கும் வகையை 1993இல் கலிபோர்னியாவின் ரிச்மண்ட் ஆலையில் செவ்ரான் முதன்முதலில் வணிக அளவில் இயக்கியது. மோபிலின் அதே வகை முறை 1997இல் சிங்கப்பூரின் ஜூரோங் ஆலையில் வந்தது. அதன் பிறகு அமைக்கப்பட்ட அடிப்படை எண்ணெய் ஆலைகளில் மாற்றியமாக்கலே வழக்கமான தேர்வாகிவிட்டது.

வினைக்கலன் எந்த நிலைமைகளில் இயங்குகிறது?

மசகு எண்ணெய்க்கு வெப்பநிலை பொதுவாக 300 முதல் 400 டிகிரி செல்சியஸ் வரையிலும், அழுத்தம் பெரும்பாலும் 70 முதல் 150 பார் வரையிலும் இருக்கும். எண்ணெயும் ஹைட்ரஜனும் ஒன்றாக மேலிருந்து கீழே, நிலையான படுகையின் வழியே சொட்டி இறங்கும். வினையூக்கி ஒன்றரை மில்லிமீட்டர் அளவு தடிமனுள்ள சிறு குச்சிகளாக அச்சுவார்க்கப்பட்டிருக்கும். படுகையின் மேல் எண்ணெயைச் சமமாகப் பரப்பும் தட்டு சரியாக மட்டம் பார்த்துப் பொருத்தப்படாவிட்டால், எண்ணெய் ஒரு பக்கமாக ஓடி, மறுபக்க வினையூக்கி வேலையின்றிக் கிடக்கும்; விலையுயர்ந்த வினையூக்கியை வாங்குவதில் காட்டும் அக்கறையை அந்தத் தட்டிலும் காட்ட வேண்டும் என்பது அனுபவமுள்ள பொறியாளர்கள் அறிந்ததே.

எண்ணெயை முன்கூட்டியே ஏன் அவ்வளவு தூய்மைப்படுத்துகிறார்கள்?

கந்தகம் பிளாட்டினத்தை முடக்கும். காரத்தன்மையுள்ள நைட்ரஜன் சேர்மங்கள் அமில இடங்களை அடைத்துக்கொள்ளும். எனவே மெழுகு நீக்கும் வினைக்கலனுக்கு முன்னால், கனமான மூலக்கூறுகளை ஹைட்ரஜன் அழுத்தத்தில் உடைக்கும் ஹைட்ரோகிராக்கர் அல்லது கடுமையான ஹைட்ரஜன் சுத்திகரிப்பு ஒன்று கட்டாயம் இருக்கும். பிளாட்டின வினையூக்கிக்கு வரும் எண்ணெயில் கந்தகமும் நைட்ரஜனும் பத்து லட்சத்தில் சில பங்குகள் என்ற அளவுக்குக் குறைக்கப்படுகின்றன. முதல் கட்டத்தில் உண்டான ஹைட்ரஜன் சல்பைடும் அம்மோனியாவும் எண்ணெயில் கரைந்து வராதபடி, நடுவே அவற்றை ஆவியோட்டி நீக்க வேண்டும். இந்த நடுக் கட்டத்தில் செய்யும் சிக்கனம் பின்னர் வினையூக்கியின் ஆயுளில் கழிந்துவிடும்.

கந்தகத்தைத் தாங்கும் வினையூக்கிகளும் உண்டு. நிக்கல் போன்ற சாதாரண உலோகம் ஏற்றிய சியோலைட்டுகள், சுத்திகரிக்கப்படாத எண்ணெயோடும் வேலை செய்யும். ஆனால் அவை பெரும்பாலும் சங்கிலியை உடைப்பவை.

மெழுகு நீங்கிய பிறகும் ஏன் இன்னொரு வினைக்கலன்?

மெழுகு நீக்கும் வெப்பநிலையில் சிறிதளவு ஒலிபின்களும், பென்சீன் போன்ற நிறைவுறாத வளையங்கள் பல கொண்ட அரோமாட்டிக் சேர்மங்களும் எண்ணெயில் தங்கிவிடுகின்றன. அவை எண்ணெய்க்கு நிறத்தைத் தரும். வெளிச்சம் பட்டால் எண்ணெயை மஞ்சளாக்கி, வீழ்படிவையும் உண்டாக்கும். அரோமாட்டிக் வளையங்களை நிறைவுறச் செய்யும் வினை வெப்பத்தை வெளியிடுவதால், குறைந்த வெப்பநிலையே அதற்குச் சாதகம். ஆகவே எண்ணெயை 200 முதல் 280 டிகிரி வரையிலான வெப்பநிலைக்குக் குளிர்வித்து, அதே உயர் அழுத்தத்தில், பிளாட்டினமும் பல்லேடியமும் கொண்ட இரண்டாம் படுகையின் வழியே அனுப்புகிறார்கள். வெளிவரும் எண்ணெய் தண்ணீரைப் போலத் தெளிவாக இருக்கும்.

பாகுநிலைக் குறியெண் இதனால் கூடுமா, குறையுமா?

வெப்பநிலை மாறும்போது எண்ணெயின் பாகுநிலை எவ்வளவு மாறுகிறது என்பதைக் காட்டும் எண் அது. கூடுதலாக இருந்தால் மாற்றம் குறைவு. 1929இல் டீன், டேவிஸ் இருவரும் வகுத்த அளவுகோலில் பென்சில்வேனியா எண்ணெய்க்கு 100, மெக்சிகோ வளைகுடாப் பகுதி எண்ணெய்க்கு 0 என்று வைக்கப்பட்டது. சங்கடம் என்னவென்றால், மிக உயர்ந்த குறியெண் உடையவை மெழுகுப் பாரஃபின்களே. எந்த முறையில் மெழுகை வெளியேற்றினாலும் குறியெண் இறங்கத்தான் செய்யும். அதிலும் இசட்.எஸ்.எம்.-5 போன்ற உடைக்கும் வினையூக்கி, ஓரிரு கிளையுள்ள நல்ல பாரஃபின்களையும் சேர்த்து உடைத்துவிடுவதால், அதே பாய்வு வெப்பநிலையில் கரைப்பான் முறையைவிடவும் குறைந்த குறியெண்ணையே தருகிறது. மாற்றியமாக்கல் அந்த மூலக்கூறுகளை எண்ணெயிலேயே தங்கவைப்பதால் விளைச்சலும் குறியெண்ணும் சேர்ந்து காக்கப்படுகின்றன. உடைக்கும் முறையைப் பின்னுக்குத் தள்ளியது இந்த ஒரு வேறுபாடுதான் என்றே சொல்லலாம்.

அமெரிக்கப் பெட்ரோலிய நிறுவனத்தின் வகைப்பாட்டில், நிறைவுற்ற சேர்மங்கள் 90 சதவீதத்துக்குக் குறையாமலும் கந்தகம் 0.03 சதவீதத்துக்கு மிகாமலும் உள்ள எண்ணெய், குறியெண் 80க்கும் 120க்கும் இடையே இருந்தால் இரண்டாம் தொகுதி; 120ஐ எட்டினால் மூன்றாம் தொகுதி. இரண்டாம் தொகுதியை வேறு வழிகளிலும் தயாரிக்கலாம். நல்ல விளைச்சலோடு மூன்றாம் தொகுதியை எட்டுவதற்கு மாற்றியமாக்கல் இல்லாமல் முடியாத ஆலைகளே மிகுதி.

பாய்வு வெப்பநிலையை எவ்வளவு கீழே கொண்டுபோகலாம்?

வினைக்கலனின் வெப்பநிலையைச் சில டிகிரி உயர்த்தினால் பாய்வு வெப்பநிலை இறங்கும். கூடவே விளைச்சலும் இறங்கும். ஒப்பந்தத்தில் மைனஸ் 15 கேட்டிருக்க, பாதுகாப்புக்காக மைனஸ் 24 வரை கொண்டுபோய்க் கொடுப்பது நல்ல பெயரைத் தரலாம், ஆனால் அந்த ஒன்பது டிகிரிக்காக உடைந்த எண்ணெய் மலிவான நாப்தாவாகத்தான் விலைபோகும். அளவீடு 3 டிகிரிப் படிகளில் வருவதால் ஒரு படியை மிச்சமாக வைத்திருப்பது நியாயம். அதற்கு மேல் வைப்பது வீண்செலவு.

பாய்வு வெப்பநிலை சரியாக இருந்தும் எண்ணெய் கலங்கலாகத் தெரிவது ஏன்?

இதற்கு இரண்டு வேறு காரணங்கள் இருக்கக்கூடும், இரண்டுக்கும் மருந்து வேறு. கனமான எண்ணெய்களில் மிக நீண்ட சங்கிலிகளும், வளையத்தோடு ஒட்டிய நீண்ட வாலுடைய மூலக்கூறுகளும் சிறிதளவு இருக்கும். அவை துளைகளுக்குள் எளிதில் நுழையாமல் தப்பிவிடும். எண்ணெயின் ஓட்டத்தைத் தடுக்கும் அளவுக்கு அவை இல்லை; ஆனால் சில நாள் நின்றதும் மெல்லிய புகைமூட்டம்போலத் தெரியும் அளவுக்கு இருக்கும். கரைப்பான் முறை உருகுநிலை மிகுந்தவற்றையே முதலில் படியவைப்பதால் இந்தத் தொல்லை அதில் குறைவு. வினையூக்கி முறையில் கலங்கல் வெப்பநிலைக்கும் பாய்வு வெப்பநிலைக்கும் இடையிலான தூரம் அதிகமாகவே இருக்கும்.

இரண்டாவது காரணம் இயந்திரக் கோளாறு. வினைக்கலனுக்குள் போகும் எண்ணெயும் வெளிவரும் எண்ணெயும் ஒரே வெப்பமாற்றியில் ஒன்றையொன்று தொடாமல் கடக்கின்றன. உள்ளே போகும் பக்கத்தில் அழுத்தம் கூடுதல் என்பதால், குழாயில் ஒரு சிறு கசிவு ஏற்பட்டாலும் மெழுகுள்ள எண்ணெய் மெழுகு நீங்கிய எண்ணெயில் கலந்துவிடும். வினைக்கலனின் வெப்பநிலையை உயர்த்தியும் கலங்கல் வெப்பநிலை பிடிவாதமாக நின்றுவிட்டால், வினையூக்கியைக் குறைசொல்லும் முன், வினைக்கலனிலிருந்து எண்ணெய் வெளியேறும் இடத்திலும் வெப்பமாற்றிக்குப் பின்னும் மாதிரி எடுத்து ஒப்பிட வேண்டும். இரண்டும் வேறுபட்டால் கசிவு உறுதி.

மெழுகை நீக்காமல் வேதிச்சேர்க்கை ஒன்றைக் கலந்தால் போதாதா?

பாலிமெத்தாக்ரிலேட் போன்ற சேர்க்கைகள் படிகத்தின் வடிவத்தை மாற்றி, தட்டுகள் பின்னிக்கொள்ளாமல் தடுக்கின்றன. பாய்வு வெப்பநிலை நன்றாக இறங்கும். கலங்கல் வெப்பநிலை ஏறத்தாழ அப்படியே நிற்கும். மெழுகு முழுவதும் எண்ணெயிலேயே இருக்கிறது. எனவே இவற்றை மெழுகு நீக்கத்துக்குத் துணையாகக் கொள்ளலாம், மாற்றாகக் கொள்ள முடியாது.

டீசலிலும் இதே முறைதானா?

அடிப்படை ஒன்றே, கணக்கு வேறு. ஐரோப்பாவின் இ.என். 590 தரத்தில் கடுங்குளிர்ப் பகுதிகளுக்கான டீசலின் வடிகட்டி அடைப்பு வெப்பநிலை, வகுப்புக்கு வகுப்பு, மைனஸ் 20 முதல் மைனஸ் 44 வரை கேட்கப்படுகிறது. மண்ணெண்ணெயைக் கலந்து இதை அடையலாம், ஆனால் மண்ணெண்ணெய் விமான எரிபொருளாக நல்ல விலை போகக்கூடியது. அதனால் பல ஆலைகள், கந்தகம் நீக்கும் வினைக்கலனிலேயே ஒரு படுகை மெழுகு நீக்கும் வினையூக்கியைச் சேர்த்துவிடுகின்றன. கோடையில் அதன் வெப்பநிலையைக் குறைத்து ஏறத்தாழ ஓய்வில் வைத்துவிடலாம்.

இங்கே காக்க வேண்டியது, டீசல் இயந்திரத்தில் எவ்வளவு எளிதாகத் தீப்பற்றும் என்பதைக் காட்டும் சீட்டேன் எண். ஹெக்சாடெக்கேன் என்ற நேர்ச்சங்கிலிக்குச் சீட்டேன் எண் 100. அதே பதினாறு கார்பனும் ஏழு கிளைகளும் கொண்ட ஐசோசீட்டேனுக்கு 15. அளவோடு கிளைத்தால் சீட்டேன் சிறிதே குறையும், அளவு மீறினால் எரிபொருளின் தரமே கெடும்.

தாவர எண்ணெயிலிருந்து வரும் டீசலுக்கும் இயற்கை எரிவாயுவிலிருந்து வரும் எண்ணெய்க்கும் இது தேவைப்படுகிறதா?

மற்ற எதையும்விட இவற்றுக்கே மிகுதியாகத் தேவைப்படுகிறது. தாவர எண்ணெயை ஹைட்ரஜனோடு வினைபுரியச் செய்து ஆக்சிஜனை நீக்கினால் கிடைப்பது, பதினைந்து முதல் பதினெட்டு கார்பன் வரையுள்ள நேர்ச்சங்கிலிப் பாரஃபின். அதில் ஆக்டாடெக்கேன் 28 டிகிரியிலேயே உறைந்துவிடும். மாற்றியமாக்கும் இரண்டாம் கட்டம் இல்லாவிட்டால் அது குளிர்காலத்துக்கு உதவாது. இயற்கை எரிவாயுவை கார்பன் மோனாக்சைடும் ஹைட்ரஜனுமாக மாற்றி, அவற்றை நீண்ட சங்கிலிகளாக இணைக்கும் பிஷர்–ட்ரோப்ஷ் முறையில் கிடைப்பது ஏறத்தாழ முழுவதும் மெழுகு. கந்தகமும் நைட்ரஜனும் இல்லாத தூய மூலப்பொருள் என்பதால் பிளாட்டின வினையூக்கிக்கு இதைவிட உகந்தது வேறில்லை. கத்தாரின் ராஸ் லஃபானில் 2011இல் உற்பத்தியைத் தொடங்கிய பெர்ல் ஆலை, இவ்வாறு மூன்றாம் தொகுதியைச் சேர்ந்த அடிப்படை எண்ணெயைப் பெருமளவில் தயாரிக்கிறது.

அப்படியென்றால் கரைப்பான் முறை காலாவதியாகிவிட்டதா?

இல்லை. மெழுகுவர்த்திக்கும் தாள் பூச்சுக்கும் அழகுப் பொருள்களுக்கும் மெழுகையே விற்கும் ஆலைக்கு, அதை எண்ணெயாக மாற்றும் வினையூக்கியால் பயனில்லை. வெற்றிடக் காய்ச்சலின் அடிமண்டியிலிருந்து எடுக்கும் மிகக் கனமான எண்ணெயிலும், மேலே சொன்ன கலங்கல் தொல்லை காரணமாக, கரைப்பான் முறைக்கு இன்னும் இடமிருக்கிறது. கரைப்பான் முறையில் பிரிந்த மெழுகை எடுத்து மாற்றியமாக்கி உயர் குறியெண் எண்ணெயாக்கும் ஆலைகளும் உண்டு. புதிதாகக் கட்டுபவர்களுக்கு மாற்றியமாக்கல் என்பதும், இருப்பதை ஓட்டுபவர்களுக்குச் சந்தையைப் பார்த்து முடிவு என்பதும் என் கருத்து.

வினையூக்கி எத்தனை காலம் உழைக்கும்?

மூலப்பொருள் தூய்மையாக இருந்தால் பல ஆண்டுகள். கரி படியப்படியச் செயல்திறன் குறைய, அதை ஈடுசெய்ய வெப்பநிலையைச் சிறிது சிறிதாக உயர்த்திக்கொண்டே போவார்கள். வெப்பநிலை மேல்வரம்பை எட்டும்போதோ, உடைவு மிகுந்து விளைச்சல் கட்டுப்படியாகாமல் போகும்போதோ ஓட்டம் முடிகிறது. கரியைக் கட்டுப்பாட்டோடு எரித்து வினையூக்கியைப் புதுப்பிக்கலாம். எரிக்கும் வெப்பம் மீறினால் பிளாட்டினத் துகள்கள் ஒன்றுசேர்ந்து பருத்துப் பயனற்றுப்போகும். இனி உதவாது என்று தள்ளப்படும் வினையூக்கியிலிருந்தும் பிளாட்டினத்தை மீட்டெடுக்கிறார்கள். அதன் மதிப்பு புதிய வினையூக்கியின் விலைக் கணக்கிலேயே சேர்க்கப்படும்.

பாதுகாப்பில் எவற்றைக் கவனிக்க வேண்டும்?

உயர் வெப்பத்தில் ஹைட்ரஜன் எஃகுக்குள் ஊடுருவி, அதிலுள்ள கார்பனோடு சேர்ந்து மீத்தேனாகி, உள்ளிருந்தே பிளவுகளை உண்டாக்கும். அதனால் குரோமியமும் மாலிப்டினமும் சேர்ந்த எஃகையே, எந்த எஃகு எவ்வளவு வெப்பநிலையையும் ஹைட்ரஜன் அழுத்தத்தையும் தாங்கும் என்று காட்டும் நெல்சன் வளைவுகளைப் பார்த்துத் தேர்ந்தெடுக்கிறார்கள். தடித்த சுவருள்ள வினைக்கலன் குளிர்ந்த நிலையில் நொறுங்கும் தன்மையுடையது என்பதால், குறிப்பிட்ட வெப்பநிலையை எட்டுவதற்கு முன் அதில் முழு அழுத்தத்தை ஏற்றக்கூடாது.

வினையூக்கியை இறக்கும் நாளில் ஆபத்து வேறு வடிவத்தில் வருகிறது. இரும்பு சல்பைடு படிவுகள் காற்றுப்பட்டதும் தாமே தீப்பற்றும். ஆகவே நைட்ரஜன் நிரப்பிய கலனுக்குள், வெளியிலிருந்து குழாய் வழியாக மூச்சுக்காற்று பெறும் பயிற்சி பெற்ற ஆட்கள் மட்டுமே இறங்குவார்கள். நிக்கல் உள்ள வினையூக்கியாக இருந்தால், கார்பன் மோனாக்சைடு இருக்கும் சூழலில் குளிர்விக்கும்போது நிக்கல் கார்போனைல் என்ற கொடிய நச்சு வாயு உண்டாகக்கூடும். எனவே வினைக்கலன் ஏறத்தாழ 200 டிகிரிக்குக் கீழே இறங்கும் முன், சுற்றும் வாயுவில் கார்பன் மோனாக்சைடு அநேகமாக இல்லை என்பதைச் சோதித்து உறுதிசெய்த பிறகே குளிர்விப்பைத் தொடர வேண்டும்.